குட்டி ட்ரோன் சிமுலேட்டர்: லேப் நேரம் குறையவே மாட்டேங்குதா?

த்ராட்டிலை (விசையைக் கூட்டும் குச்சியை) முழுசாத் தள்ளியும் வெலாசிட்ரோன் சிமுலேட்டரின் வூப் (உள்ளங்கை அளவு ட்ரோன்) டிராக்கில் அதே நேரம்தான் வருகிறது. என்ன செய்வது?
– வாசகர், முத்தியால்பேட்டை

தள்ளுவதைக் குறையுங்கள். கடலூர்–புதுச்சேரி தனியார் பஸ் மாதிரி எல்லா இடத்திலும் ஒரே மிதி மிதித்தால் அறைக்குள் வேலைக்கு ஆகாது. 65 மி.மீ. வூப்புக்கு 31 மி.மீ. ப்ராப்தான் (சுழலும் இறக்கை), வேகமாக வளைவில் நுழைந்தால் அதை இழுத்துத் திருப்ப விசை போதாது, சுவர்ப் பக்கம் வழுக்கிக்கொண்டு போகும். வளைவில் சாய்ந்திருக்கும்போது கொடுத்த த்ராட்டிலோடு நிமிர்ந்தால் கூரையை நோக்கி எகிறும். அது இறங்கிவந்து அடுத்த கேட்டை (நுழைந்து போக வேண்டிய வாசலை) பிடிப்பதற்குள் நேர்ப்பாதையில் மிச்சம் பிடித்ததெல்லாம் போச்சு.

கேட்டைத் தாண்டிய பிறகு திரும்பாதீர்கள். நுழையும்போதே மூக்கு அடுத்த கேட்டின் பக்கம் திரும்பியிருக்க வேண்டும். அதற்கு நுழைவுக்கு முன் கொஞ்சம் அகலமாக வர வேண்டும். முதலில் எங்கும் முட்டாமல் தொடர்ந்து மூன்று லேப் ஓட்டுங்கள். அதன்பின் ஒரே ஒரு வளைவை மட்டும் வேகப்படுத்திப் பாருங்கள். எல்லாவற்றையும் ஒரே நாளில் வேகப்படுத்துகிறவர்கள்தான் மாதக்கணக்கில் அங்கேயே நிற்கிறார்கள்.

கேமரா கோணம் (மேல்நோக்கிய சாய்வு) எவ்வளவு வைக்கலாம்?
– மஞ்சக்குப்பம்

இறுக்கமான டிராக் என்றால் 15 முதல் 25 டிகிரி. அதற்கு மேல் வைத்தால், மெதுவாகப் போகும் இடத்தில் கேட் தெரியாது, கூரைதான் தெரியும்.

முன்னணி வீரரின் ரேட்ஸை (குச்சியை அசைத்தால் ட்ரோன் எவ்வளவு வேகமாகத் திரும்பும் என்ற அமைப்பை) அப்படியே போடலாமா?
– நெல்லிக்குப்பம்

போடலாம். ஆனால் தோற்கும் ஒவ்வொரு முறையும் மாற்றினால் விரலுக்கு எதுவுமே பழகாது.

பழைய லேப்டாப், கேம்பேட். இது போதுமா?
– வில்லியனூர்

லேப்டாப் போதும். கிராஃபிக்ஸைக் குறையுங்கள், வி-சிங்கை (படத்தைத் திரையோடு ஒத்திசைக்கும் அமைப்பை) அணையுங்கள், சார்ஜரைச் செருகியே ஓட்டுங்கள். கேம்பேட்தான் இடிக்கும்: குச்சி குட்டை, விட்டால் நடுவுக்கு ஓடிவிடும், த்ராட்டில் நுணுக்கம் கைக்கு வராது. காசு செலவழிப்பதென்றால் யூஎஸ்பி ஜாய்ஸ்டிக்காக வேலை செய்யும் எட்ஜ்டிஎக்ஸ் மென்பொருள் உள்ள ரேடியோ (ட்ரோன் ரிமோட்) வாங்குங்கள். நிஜ ட்ரோனுக்கும் அதுவே உதவும்.

நிஜ வூப் வாங்கிவிட்டேன். எங்கே ஓட்டுவது?
– லாஸ்பேட்டை

ஹாலில், மின்விசிறியை நிறுத்திவிட்டு. தேவனாம்பட்டினம் கடற்கரை வேண்டவே வேண்டாம், அந்தக் காற்று அடித்துக்கொண்டு போய்விடும். 2021 ட்ரோன் விதிகளின்படி 250 கிராமுக்கு உட்பட்ட நானோ ட்ரோனுக்கு பைலட் உரிமம் தேவையில்லை. ஆனாலும் உங்கள் ஊரிலேயே விமான நிலையம் இருக்கிறது. மொட்டை மாடி ஆசை வந்தால் முதலில், எங்கே பறக்கலாம் என்று காட்டும் அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தைப் பாருங்கள்.