காலக்கட்டு மந்திரம்: கேள்வி பதில்

ஒரு கோளின் காலத்தைத் தடுமாறவிடாமல் பிடித்து வைக்கும் மந்திரம் ஒன்றைக் கற்பனை செய்து, அதற்குக் காலக்கட்டு என்று பெயரும் வைத்து, மாயக்கதை எழுதுகிறவர்கள் சிலர் கேள்வி அனுப்பியிருக்கிறார்கள். மந்திரம் எனக்குத் தெரியாது. நேரத்தை அளப்பது தெரியும். அந்த எல்லைக்குள் நின்று பதில் சொல்கிறேன்.

கேள்வி: என் கோளில் ஓர் ஊரில் காலம் விரைகிறது, அடுத்த ஊரில் தவழ்கிறது. மந்திரவாதி இதைச் சீராக்க வேண்டும். எங்கே தொடங்கட்டும்?

எதோடு ஒப்பிட்டுச் சீர் என்ற கேள்வியில் தொடங்குங்கள். ஒரே ஒரு கடிகாரம் இருக்கும் உலகில் காலம் தடுமாறவே முடியாது. அது காட்டுவதுதான் நேரம். இரண்டாவது வந்ததும் சண்டை வரும். சண்டையைத் தீர்க்க மூன்றாவது வேண்டும்.

நம் பூமியிலேயே இது நடந்தது. நெடுங்காலம் பூமியின் சுழற்சிதான் கடிகாரம். ஆனால் நிலவு எழுப்பும் ஓதங்கள், அதாவது கடலின் ஏற்ற இறக்கங்கள், அந்தச் சுழற்சியை இழுத்துப் பிடிக்கின்றன. நூற்றாண்டுக்கு ஏறத்தாழ 2 மில்லி நொடி வீதம் நாள் நீள்கிறது. நிலவும் ஆண்டுக்கு 3.8 சென்டிமீட்டர் விலகிப் போகிறது. 1967இல் நொடியைப் பூமியின் கையிலிருந்து வாங்கி சீசியம்-133 அணுவிடம் ஒப்படைத்தார்கள்: 9,192,631,770 அதிர்வுகள் ஒரு நொடி. அன்றிலிருந்து அணு ஒரு வழி, பூமி ஒரு வழி. இரண்டையும் சேர்த்துக் கட்ட 1972 முதல் 2016 இறுதி வரை 27 லீப் நொடிகளை, அதாவது கூடுதல் நொடிகளை, கணக்கில் செருகினார்கள். கோளை யாரும் தொடவில்லை, கணக்கைத்தான் தொட்டார்கள்.

உங்கள் மந்திரவாதி எதைத் தொடப் போகிறார்? சுழற்சியையா, கணக்கையா, காலத்தின் ஓட்டத்தையேவா? மூன்றும் மூன்று மந்திரங்கள். ஒன்றைத் தேர்ந்துகொள்ளுங்கள். இன்னொன்று: கட்டு என்றதும் தம்பனத்துக்கு, அதாவது அசைவை உறையவைக்கும் மந்திரத்துக்கு, தாவிவிடாதீர்கள். நிறுத்துவது வேறு, நிலைநிறுத்துவது வேறு.

கேள்வி: மந்திரம் சொன்னதும் பறவைகள் வானில் அப்படியே உறைந்து நிற்குமா?

நிற்காது. மேலே உள்ள பதிலின் கடைசி வரியைப் பாருங்கள்.

கேள்வி: ஒருமுறை உச்சரித்தால் போதுமா, நாள்தோறும் உச்சரிக்க வேண்டுமா?

நல்ல கேள்வி. நாழிகை வட்டிலை நினைத்துப் பாருங்கள். அடியில் ஊசித்துளை போட்ட செம்பு வட்டில், நீரில் மிதக்கிறது. துளை வழியாக நீர் ஊறி ஏறி, விளிம்பு தாழ்ந்து, ஒரு கணம் தயங்கி, 'குளுக்' என்று அமிழ்ந்தால் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். விடியலில் நீர் குளிர்ந்திருக்கும். 10 டிகிரி நீரின் பிசுக்குத்தன்மையில் ஏறக்குறைய ஐந்தில் மூன்று பங்குதான் 30 டிகிரி நீருக்கு உண்டு. அதனால் உச்சிவேளையில் நீர் இளகி விரைவாக ஏறும், வட்டில் முந்தி மூழ்கும். நாளாக ஆகத் துளையில் களிம்பு படியும், வட்டில் பிந்தி மூழ்கும். காவலாளி இன்னொரு வட்டிலோடு ஒப்பிடுவான், துளையைத் துடைப்பான், நிழலில் நகர்த்தி வைப்பான்.

ஒப்பிடு, வேறுபாட்டைக் கண்டுபிடி, திருத்து. இன்றைய அணுக் கடிகாரமும் உள்ளே இதைத்தான் செய்துகொண்டிருக்கிறது. ஆகவே காலக்கட்டு ஓயாத வேலை. அதைக் காப்பவர் முழு உறக்கம் உறங்க முடியாது. உங்கள் கதையின் வலி அங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

கேள்வி: நடுக்கோட்டில் தரை மணிக்கு 1,670 கிலோமீட்டர் வேகத்தில் சுழல்கிறது, துருவத்தில் வேகமே இல்லை. வேகமாகப் போகும் கடிகாரம் மெதுவாக ஓடும். எனவே மந்திர முளைகளை நடுக்கோட்டில் அடித்திருக்கிறேன். சரிதானே?

தவறு, ஆனால் மதிக்கத்தக்க தவறு. 1905இல் ஐன்ஸ்டைனே நடுக்கோட்டுக் கடிகாரம் பின்தங்கும் என்றுதான் எழுதினார். வேகத்தை மட்டும் பார்த்தால் நாளுக்குச் சுமார் 100 நானோ நொடி பின்தங்க வேண்டும் (நானோ நொடி என்பது நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு). ஆனால் சுழலும் பூமி நடுவில் புடைத்திருக்கிறது. துருவத்தைவிட நடுக்கோடு மையத்திலிருந்து 21 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. அங்கே ஈர்ப்பின் பிடி தளர்வதால் கடிகாரம் விரைகிறது. ஒன்று இழந்ததை மற்றொன்று ஈடுகட்டுகிறது. கடல்மட்டத்தில் எங்கே வைத்தாலும் ஒரே ஓட்டம்தான். கடல் எந்தப் பக்கமும் வழிந்தோடாமல் நிற்கும் அதே சமநிலைதான் கடிகாரங்களையும் சமப்படுத்துகிறது. எத்தனை முறை சொன்னாலும் எனக்கு அலுக்காத செய்தி இது.

மேற்படி நண்பர் மறுபடியும்: அப்படியானால் மலை உச்சியில்?

அங்கே விரையும். ஒரு கிலோமீட்டர் உயரத்துக்கு நாளுக்கு ஏறத்தாழ 9 நானோ நொடி. 33 சென்டிமீட்டர் உயர்த்தி வைத்த கடிகாரத்தின் வேறுபாட்டையே 2010இல் அளந்துவிட்டார்கள். முளைகளைக் கடற்கரையில் அடியுங்கள்.

மீண்டும் அவரே: என் கோள் இறுகிய பாறை உருண்டை. புடைக்காது. இப்போது?

இப்போது நீங்கள் வென்றீர்கள், ஆனால் கடலை இழந்தீர்கள். அது நடுக்கோட்டை நோக்கி ஓடிக் குவிந்துவிடும். கடலே இல்லாத கோள் என்று எழுதினால் உங்கள் முளைகள் இருந்த இடத்திலேயே இருக்கலாம்.

இடையில் இன்னொருவர்: 100 நானோ நொடிக்கா இவ்வளவு வாதம்?

ஆம். அதற்குள் ஒளி 30 மீட்டர் போய்விடும்.

கேள்வி: காலக்கட்டால் இறந்தகாலத்துக்குத் திரும்ப முடியுமா?

என் துறை இல்லை.

கேள்வி: மந்திரம் பலித்த கணத்தில் அருவி அந்தரத்தில் நிற்பதுபோல் எழுதலாமா?

இது இரண்டாம் முறை. அருவி விழும். நிறுத்துவது வேறு, நிலைநிறுத்துவது வேறு.

கேள்வி: கட்டு அவிழ்ந்தால் முதலில் என்ன தெரியும்? மனிதர்கள் நொடியில் கிழவர்கள் ஆவார்களா?

இல்லை, வழி தவறும். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரம் உயரத்தால் நாளுக்கு 45 மைக்ரோ நொடி முந்துகிறது, வேகத்தால் 7 பிந்துகிறது. மிஞ்சும் 38 மைக்ரோ நொடியைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் இடம் 10 கிலோமீட்டருக்கு மேல் பிசகும். பழைய கப்பல்களுக்கும் இதே கதிதான்: நடுக்கோட்டருகே கடிகாரம் 4 நொடி தவறினால் கப்பல் ஒரு கடல் மைல் தவறும். ஆகவே உங்கள் முதல் காட்சியில் யாருக்கும் முடி நரைக்க வேண்டாம். மாலுமி தன் கணக்கைச் சரிபார்க்கிறான், சரியாகவே இருக்கிறது. தலை நிமிர்ந்து பார்க்கிறான். இடப்பக்கம் தெரிய வேண்டிய கலங்கரை விளக்கு வலப்பக்கம் எரிகிறது.