கேளுங்க, சொல்றோம்: எத்தல் ரோல் கைநழுவிப் போன பியா பெனடெரெட்

கேள்வி: 'ஐ லவ் லூசி'ங்கற அமெரிக்க டிவி காமெடி சீரியல்ல பக்கத்து வீட்டு எத்தலா நடிக்க முதல்ல பியா பெனடெரெட்னு ஒருத்தரைத்தான் கேட்டாங்களாமே, நிஜமா? யாருங்க அவங்க? (வாசகி, திருச்சி)

பதில்: நிஜம்தான். பியா ஒரு அமெரிக்க நடிகை. 1948லேருந்து ரேடியோல 'மை ஃபேவரிட் ஹஸ்பெண்ட்' நாடகத்துல, பின்னாடி லூசியா நடிச்ச லூசில் பாலுக்குத் தோழியா நடிச்சது பியாதான், அதனால 1951ல டிவிக்குப் போறப்ப லூசில் இவங்களையே கேட்டாங்க, ஆனா இவங்க அதுக்குள்ள ஜார்ஜ் பர்ன்ஸ், கிரேசி ஆலன்ங்கற காமெடி தம்பதியோட டிவி ஷோல பக்கத்து வீட்டு பிளான்ச் மார்ட்டனா காண்ட்ராக்ட்ல இருந்தாங்க. ஆக எங்க போனாலும் பக்கத்து வீடுதான்! எத்தல் ரோல் விவியன் வான்ஸுக்குப் போச்சு. இதுல கொடுமை என்னன்னா, 1953ம் வருஷ எம்மி (அமெரிக்க டிவி விருது) சப்போர்ட்டிங் நடிகை லிஸ்ட்ல ரெண்டு பேர் பேரும் இருந்துச்சு, ஜெயிச்சது விவியன்.

கேள்வி: கார்ட்டூனுக்கும் குரல் குடுத்தாங்களாமே? (வாசகர், மதுரை)

பதில்: ஆமாங்க. கார்ட்டூன் குருவி ட்வீட்டியை வளர்க்குற பாட்டி இருக்காங்களே, 1955 வரைக்கும் அந்தக் குரல் இவங்களோடதுதான், ஆனா டைட்டில்ல பேர் வராது, ஏன்னா குரலுக்கு, நிறைய கேரக்டருக்குப் பேசின மெல் பிளாங்க் பேர் மட்டும்தான் போடணும்னு அவரோட காண்ட்ராக்ட்லயே இருந்துச்சு. அதே மெல் பிளாங்க்தான் 1960ல 'ஃபிளிண்ட்ஸ்டோன்ஸ்' கார்ட்டூன்ல பார்னியோட குரல், அவர் பொண்டாட்டி பெட்டியா பேசினது நம்ம பியா!

கேள்வி: ஹீரோயினாவே நடிக்கலையா? (கல்லூரி மாணவி, சேலம்)

பதில்: நடிச்சாங்க, 57 வயசுல. பர்ன்ஸ் ஷோவுக்கு எழுதின பால் ஹென்னிங் 1963ல 'பெட்டிகோட் ஜங்ஷன்'னு ஒரு சீரியல் ஆரம்பிச்சு, ரயில் பாதையோரம் ஹோட்டல் நடத்துற, மூணு பொண்ணுங்களோட அம்மா கேட் பிராட்லியா இவங்களைப் போட்டார். நல்லா ஓடிட்டிருக்கும்போதே நுரையீரல் கேன்சர், 1968 அக்டோபர்ல போயிட்டாங்க.

ஆனா அவங்களைப் பார்க்கணும்னா எனக்கு பிளான்ச்தான். 1953ல ஒரு எபிசோட், புருஷன் ஹாரி மேல கோவமா பிளான்ச் அடிக்க ஓங்கிட்டு நிக்கறாங்க, ஜார்ஜ் பர்ன்ஸ் வந்து சீனை அப்படியே நிறுத்தி, ஹாரியா நடிச்ச ஃபிரெட் கிளார்க் போறார், இனிமே லாரி கீட்டிங்தான்னு ஆடியன்ஸ்கிட்டயே சொல்லி, பியாவுக்கும் அவரை அறிமுகம் செஞ்சு வைக்கிறார். ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் ஆஹா ஓஹோன்னு புகழ, இவ்ளோ மரியாதையா பேசினா புருஷன் பொண்டாட்டின்னு யார் நம்புவான்னு கேட்டுட்டு சீனைத் தொடரச் சொல்றார் பர்ன்ஸ். பியா உடனே மறுபடி பிளான்சா மாறி, புது ஹாரி தலையில ஒரு போடு! நம்ம சீரியல்ல 'இனி இவருக்குப் பதில் இவர்'னு கீழ கார்டு போட்டு முடிச்சிடறாங்க, இப்படி யாராவது செய்யக்கூடாதா?