63 வயதில் கதாநாயகி

கே: அறுபதைத் தாண்டிவிட்டால் நடிகைக்கு மாமியார், பாட்டி வேடம்தான். அந்த வயதில் காதல் கதைக்குக் கதாநாயகியாக யாராவது நடித்திருக்கிறார்களா? – ஒரு வாசகி, கோவில்பட்டி

ப: ஏன் இல்லை? பிரிகிட்டே மீரா. பெயரைப் பார்த்து வடநாட்டுக்காரர் என்று நினைத்துவிடாதீர்கள், 1910இல் ஜெர்மனியின் ஹாம்பர்க்கில் பிறந்தவர். 1974இல் வெளியான, ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் ‘அலி: ஃபியர் ஈட்ஸ் த சோல்’ படத்தில் எம்மி என்ற துப்புரவுத் தொழிலாளியாக நடித்தபோது அவருக்கு 63 வயது. மழைக்கு ஒதுங்கி ஒரு மதுக்கடைக்குள் நுழைகிற விதவை, அங்கே இருக்கும் மொராக்கோ நாட்டுத் தொழிலாளியோடு ஒரு நடனம் ஆடுகிறார், அப்புறம் கல்யாணமே நடந்துவிடுகிறது. விருந்துக்குப் போகிற இடம் ஹிட்லர் வழக்கமாகச் சாப்பிட்ட மியூனிக் உணவகம். அங்கே பணியாளர் கேட்கிற கேள்விகளுக்குப் பதில் தெரியாமல் தடுமாறிக்கொண்டே, ஆனால் கௌரவத்தையும் விடாமல் உட்கார்ந்திருப்பார் பாருங்கள், அந்தச் சில நிமிடம் போதும். மூன்று பிள்ளைகளையும் உட்காரவைத்து இவர்தான் என் புருஷன் என்று சொன்னதும் ஒரு மகன் எழுந்து டிவியை எட்டி உதைத்து உடைக்கிறான். அதே மகன் பின்னால் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும் என்றதும் டிவிக்குக் காசோலை அனுப்பிவிட்டு வந்து நிற்கிறான்! அந்த வருடம் ஜெர்மனியின் தேசியத் திரைப்பட விருது மீராவுக்குத்தான்.

கே: அதுவரை அந்த அம்மா எங்கே இருந்தார்? – ஒரு வாசகர், தஞ்சாவூர்

ப: மேடையில்தான், 40 வருடத்துக்கு மேல். பாலே கற்றுக்கொண்டு, ஓப்பரெட்டா என்கிற இலகுவான இசை நாடகங்களில் துறுதுறுப்பான சின்னப் பெண் வேடங்களில் ஆடிப் பாடி, போருக்குப் பிறகு பெர்லின் கேலி நாடகங்களில் ஜனங்களைச் சிரிக்கவைத்தவர். விமர்சகர்கள் அவரைப் பெரிதாக மதித்ததில்லை, சிரிப்பு நடிகைகளுக்கு எந்த ஊரிலும் அதுதானே கதி. 1972இல் ஜெர்மனியின் போஹும் (Bochum) நகரில் பீட்டர் சாடெக் இயக்கிய நாடகத்தில் நடித்த சமயத்தில்தான் ஃபாஸ்பிண்டரின் கண்ணில் பட்டார். 63 வயதில் ‘கண்டுபிடிக்கப்பட்டார்’ என்று எழுதுகிறவர்களைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல்தான். எம்மி ஒரு வசனத்தைச் சொல்லிவிட்டு அரை நொடி காத்திருக்கிறாரே, அது இத்தனை வருடம் கொட்டகையில் கைதட்டல் எப்போது அடங்கும் என்று காதைத் தீட்டிக் கேட்டுக் கேட்டு வந்த கணக்கு.

கே: நாஜிகளின் பிரச்சாரப் படத்திலும் அவர் நடித்தாராமே? – ஒரு வாசகர், பெங்களூரு

ப: ஆமாம், நடித்தார். 1943-44இல் திரையரங்குகளில் செய்திப்படத்தோடு காட்டிய ‘லீஸெ – மீஸெ’ என்ற குறும்படங்கள். லீஸெ நல்ல குடிமகள், மீஸெ எதிரி நாட்டு வானொலி கேட்கிற, எதற்கெடுத்தாலும் புலம்புகிற கெட்டவள். மீரா கெட்டவள். ஜனங்களுக்கு மீஸெயைத்தான் பிடித்துப்போனது, அதனாலேயே தொடரை நிறுத்தினார்கள் என்று சொல்வார்கள். இதில் கவனிக்க வேண்டியது, அவருடைய அப்பா ரஷ்யாவிலிருந்து வந்த யூதர், பியானோ கலைஞர். அன்றைய சட்டப்படி மகளும் ‘பாதி யூதர்’, அதை மறைத்துக்கொண்டுதான் நடித்தார். உயிர்பயம் இருந்திருக்கும், அதற்காக அந்தப் படங்கள் நல்லவை ஆகிவிடாது.

கே: கடைசிவரை நடித்தாரா, ஓய்வெடுத்தாரா? – ஒரு வாசகி, சேலம்

ப: ஓய்வா! 1977இல் தொடங்கிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் பெர்லின் தெருவோரத்து சாசேஜ் கடைப் பாட்டியாக வந்து வருடக்கணக்கில் வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தார். எண்பதைத் தாண்டிய பிறகும் இரண்டு சக நடிகைகளோடு சேர்ந்து ‘மூன்று கிழவிகள்’ மாதிரியான ஒரு பாட்டு நிகழ்ச்சியை பெர்லின் மேடையில் நடத்தினார். ஐந்து கல்யாணம், அதைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, நானும் விட்டுவிடுகிறேன். 2005 மார்ச்சில் 94 வயதில் பெர்லினில் காலமானார்.

கே: அலி பார்த்தாயிற்று. அடுத்து? – ஒரு வாசகர், மதுரை

ப: 1975இல் வந்த ‘மதர் க்யூஸ்டர்ஸ்’. இதுவும் ஃபாஸ்பிண்டர் படம்தான், மீராதான் கதாநாயகி. ஆலையில் கொலை செய்துவிட்டுத் தானும் செத்த தொழிலாளியின் மனைவி, அவரைச் சுற்றிப் பத்திரிகைக்காரர்கள், கட்சிக்காரர்கள், ஆளுக்கொரு கணக்கு. பார்க்கும்போது எந்த முடிவு இருக்கிற பிரதி என்று கேட்டுக்கொள்ளுங்கள். ஜெர்மனிக்கு ரத்தத்தில் முடிகிற முடிவு, அமெரிக்காவுக்கு அந்த அம்மா ஒரு காவலாளியோடு சாப்பிடப் போகிற முடிவு. எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கும்.