ரிப்போர்ட்டில் 'ஹீமோடைனமிக்' என்று இருந்தால் என்ன அர்த்தம்?

கேள்வி: அப்பாவுக்கு 67 வயது. சில வாரங்களாகப் படுக்கையிலிருந்து எழும்போது தலை சுற்றுகிறது என்கிறார். கழுத்தில் டாப்ளர் ஸ்கேன் எடுத்தோம். 'இடது கரோட்டிட் தமனியில் 40 சதவீதப் படிவு. ஹீமோடைனமிக்கலி சிக்னிஃபிகன்ட் ஸ்டெனோசிஸ் இல்லை' என்று ரிப்போர்ட்டில் இருக்கிறது. முன்பு நிமோனியாவுக்காக அவரைச் சேர்த்திருந்தபோது கொடுத்த டிஸ்சார்ஜ் சம்மரியில் 'ஹீமோடைனமிக்கலி ஸ்டேபிள்' என்று எழுதியிருந்தார்கள். இரண்டும் ஒன்றுதானா? ஸ்கேன் எடுத்த இடத்தில் அறிமுகமான ஒருவர், "இது ரத்த ஓட்டக் கோளாறு. உடனே ஆஞ்சியோ எடுத்து ஸ்டென்ட் வைக்காவிட்டால் பக்கவாதம் வரும். நானே மருத்துவமனையில் பேசி ஏற்பாடு செய்கிறேன்" என்கிறார். டாக்டரோ "ஒன்றுமில்லை" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். யாரை நம்புவது?

பதில்: டாக்டரை நம்புங்கள். ஆனால் அவர் இன்னும் இரண்டு நிமிடம் பேசியிருக்க வேண்டும்.

இந்த மாதிரி ரிப்போர்ட் எழுதுவதுதான் என் வேலை. அவை டாக்டருக்கு டாக்டர் எழுதிக்கொள்ளும் கடிதங்கள். நோயாளி படிப்பார் என்று நினைத்து யாரும் எழுதுவதில்லை. ஆனால் உறையில் போட்டு முதலில் நோயாளி கையில்தான் கொடுக்கிறோம். அவர் அதை இரவெல்லாம் படித்துப் பயந்துவிட்டு மறுநாள் டாக்டரிடம் போனால், வெளியே இன்னும் முப்பது பேர் காத்திருக்கிறார்கள். விளக்கம் சொல்ல அங்கே யாருக்கும் நேரமில்லை. அந்த இடைவெளியில்தான் உங்களுக்கு அறிமுகமான 'ஒருவர்' வந்து உட்கார்ந்துகொள்கிறார்.

சரி, சொல்லுக்கு வருவோம். ஹீமோ என்றால் ரத்தம். டைனமிக் என்றால் விசை, இயக்கம் சார்ந்தது. இரண்டும் கிரேக்க வேர்கள். ரத்தம் எவ்வளவு அழுத்தத்தில், எவ்வளவு வேகத்தில், எவ்வளவு அளவு ஓடுகிறது என்பது பற்றிய அடைமொழி இது, அவ்வளவுதான். இது ஒரு நோயின் பெயர் அல்ல. 'ஹீமோ' என்று பார்த்ததும் ஹீமோடயாலிசிஸ் ஞாபகம் வந்து, சிறுநீரகம் போய்விட்டதோ என்று கலங்குபவர்கள் உண்டு. அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை. தனியாக நிற்கும்போது இந்தச் சொல் நல்லதும் சொல்லாது, கெட்டதும் சொல்லாது. பக்கத்தில் என்ன சொல் வருகிறது என்று பார்க்க வேண்டும்.

உங்கள் அப்பாவின் ரிப்போர்ட்டில் பக்கத்தில் இருப்பது 'சிக்னிஃபிகன்ட் ஸ்டெனோசிஸ் இல்லை'. ஸ்டெனோசிஸ் என்றால் குழாய் குறுகியிருப்பது. ஆக முழு வரியின் பொருள்: தமனிச் சுவரில் கொழுப்புப் படிவு இருக்கிறது, ஆனால் ரத்த ஓட்டத்தைக் குறைக்கும் அளவுக்குக் குழாய் குறுகவில்லை. 67 வயதில் கழுத்துத் தமனியில் கொஞ்சம் படிவு இருப்பது அபூர்வமே அல்ல.

இதை எப்படிக் கண்டுபிடிக்கிறோம்? தோட்டத்துக்குத் தண்ணீர் விடும் குழாயின் வாயைக் கட்டை விரலால் பாதி மூடினால் தண்ணீர் பீய்ச்சி அடிக்கிறது அல்லவா, அதுபோலக் குறுகிய இடத்தில் ரத்தமும் வேகமெடுக்கும். டாப்ளர் அந்த வேகத்தை அளக்கிறது. அமெரிக்காவின் அல்ட்ராசவுண்ட் ரேடியாலஜிஸ்ட்டுகள் வகுத்து 2003இல் வெளியான அளவுகோலைத்தான் பல இடங்களில் பின்பற்றுகிறோம். கரோட்டிடின் உட்கிளையில் உச்ச வேகம் விநாடிக்கு 125 சென்டிமீட்டருக்குக் கீழே இருந்தால் குறுக்கம் 50 சதவீதத்துக்கும் குறைவு. 125 முதல் 230 வரை என்றால் 50 முதல் 69 சதவீதம். 230ஐத் தாண்டினால் 70 சதவீதமோ அதற்கு மேலோ. உங்கள் ரிப்போர்ட்டில் 'பி.எஸ்.வி.' என்று ஒரு எண் இருக்கும். அதுதான் இந்த வேகம். அதை ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள்.

இனி சதவீதத்தில் ஒளிந்திருக்கும் தந்திரம். இதைச் சொல்லாமல் என்னால் அடுத்ததற்குப் போக முடியாது. 40 சதவீதம் என்பது குழாயின் விட்டத்தில் குறைந்தது. அதே குறுக்கத்தைப் பரப்பளவில் கணக்கிட்டால் 64 சதவீதம் வரும். விட்டம் பாதியாகக் குறைந்தால் பரப்பளவில் 75 சதவீதம் போய்விட்டது என்று சொல்லலாம். இரண்டும் பொய்யில்லை, பள்ளிக்கூடக் கணக்குதான். ஆனால் ஸ்டென்ட் வைப்பதா, அறுவை செய்வதா என்ற முடிவுகளுக்கு அடிப்படையான ஆராய்ச்சிகள் விட்டத்தை வைத்துத்தான் நடந்தன. நாளைக்கு யாராவது அதே அப்பாவை இன்னொரு ஸ்கேனுக்கு அழைத்துப் போய், "பாருங்கள், 40 இருந்தது, அதற்குள் 64 ஆகிவிட்டது" என்று ஒரு தாளைக் காட்டினால், முதல் கேள்வியாக "இது விட்டமா, பரப்பளவா?" என்று கேளுங்கள். பதில் சொல்லத் தெரியாதவரிடம் அப்பாவின் கழுத்தை ஒப்படைக்க வேண்டாம்.

அந்த ஏற்பாட்டாளரைப் பற்றியும் வெளிப்படையாகவே சொல்கிறேன். ஸ்கேன் சென்டரின் வரவேற்பறையில் உட்கார்ந்து மற்றவர்களின் ரிப்போர்ட்டைப் படித்துச் சொல்லும் நல்ல மனிதர்களில் பலர் கமிஷனுக்கு வேலை செய்பவர்கள். ஆள் ஒன்றுக்கு இவ்வளவு என்று பேசி வைத்திருப்பார்கள். அவர்களுக்குப் பிடித்த சொல் 'ரத்த ஓட்டக் கோளாறு'. கால் மரத்தாலும் ரத்த ஓட்டம், தலை வலித்தாலும் ரத்த ஓட்டம். கழுத்தா, இதயமா, காலா, எந்தக் குழாய், எத்தனை சதவீதம் என்று சொல்லவே மாட்டார்கள். போதாக்குறைக்கு, நம் பேச்சு வழக்கில் ரத்தக்குழாயையும் 'நரம்பு' என்றே சொல்லிப் பழகிவிட்டோம். "நரம்பில் அடைப்பு" என்றால் வீட்டில் அத்தனை பேரும் கை கால் விழுந்துவிடும் என்று நடுங்கிப்போகிறார்கள். மருந்தை ஏற்றி அடைப்பைக் கழுவிவிடுகிறோம், காந்தப் படுக்கையில் படுக்கவைத்து ஓட்டத்தைச் சீராக்குகிறோம் என்று ஒரு கூட்டம் வேறு இருக்கிறது. தமனிச் சுவருக்குள் ஊறிப்போன படிவைத் தண்ணீர்க் குழாயின் பாசியைப் போலக் கழுவி எடுக்க வழி கிடையாது.

ஸ்டென்ட் வைக்காவிட்டால் பக்கவாதம் என்று அவர் சொன்னதற்கும் பதில் இருக்கிறது. கரோட்டிட் அடைப்பை அறுவை செய்து எடுப்பதால் யாருக்குப் பயன் என்று வட அமெரிக்காவில் பெரிய அளவில் ஆராய்ந்து 1991இலும் 1998இலும் முடிவுகளை வெளியிட்டார்கள். ஏற்கெனவே பக்கவாத அறிகுறி வந்தவர்களுக்கே 70 சதவீதத்துக்கு மேல் குறுக்கம் இருந்தால்தான் தெளிவான பயன் தெரிந்தது. 50க்குக் கீழே இருந்தவர்களுக்குப் பயன் இல்லை. உங்கள் அப்பாவுக்கு 40, பக்கவாத அறிகுறியும் இல்லை. ஆனால் தமனிக்குள் கம்பி விட்டால், படிவின் துணுக்கு பெயர்ந்து மூளைக்குப் போகும் ஆபத்து சிறிதளவாவது உண்டு. தடுப்பதாகச் சொல்லும் பக்கவாதத்தை அந்தச் சிகிச்சையே கொண்டுவந்துவிடலாம்.

இப்போது ஒரு விதிவிலக்கு. இதை மட்டும் நிதானமாகப் படியுங்கள். ஓட்டம் சரியாக இருக்கிறது என்பதும் குழாய்ச் சுவர் ஆரோக்கியமாக இருக்கிறது என்பதும் ஒன்றல்ல. டாப்ளர் 'ஹீமோடைனமிக்' என்ற சொல்லால் ஓட்டத்தைப் பற்றித்தான் சான்று தருகிறது. சின்னப் படிவுகூட ஒருநாள் மேல்தோல் வெடித்து, அதன்மேல் ரத்தம் உறைந்து, அந்த உறைகட்டி உடைந்து மேலே போய் மூளையின் சிறு தமனியை அடைக்கலாம். அதற்கு முதல் நாள் ஸ்கேன் எடுத்திருந்தாலும் ஓட்டம் சீராகத்தான் தெரிந்திருக்கும். மாரடைப்பிலும் இதே கதைதான். ஓட்டத்தைத் தடுக்காத படிவு வெடித்து மாரடைப்பு வருவது அபூர்வம் இல்லை.

அதனால் ஒரு பக்கம் முகம் கோணினாலோ, கையோ காலோ வலுவிழந்தாலோ, பேச்சு குழறினாலோ, ஒரு கண்ணில் மட்டும் திரை இறங்கியதுபோல் இருட்டடித்தாலோ, இந்த ரிப்போர்ட்டைத் தூக்கி ஓரமாக வையுங்கள். 'சிக்னிஃபிகன்ட் இல்லை என்று போட்டிருக்கிறதே' என்று வீட்டில் உட்கார்ந்திருக்கக் கூடாது. அஞ்சு நிமிடத்தில் தானாகவே சரியாகிவிட்டாலும் அன்றைக்கே அவசரப் பிரிவுக்குப் போக வேண்டும். சரியாகிவிட்டது என்று விட்டவர்களுக்கு அடுத்த இரண்டு நாட்களில்தான் முழுப் பக்கவாதம் வரும் ஆபத்து அதிகம். அறிகுறி வந்துவிட்டால் 40 சதவீதப் படிவுக்கும் வேறு மரியாதை: மருந்துகள் மாறும், மேலும் நுணுக்கமான ஸ்கேன் தேவைப்படலாம். உங்கள் அப்பாவுக்கு வந்திருப்பது வெறும் தலைசுற்றல், அது இந்தப் பட்டியலில் வராது. இருந்தாலும் பட்டியலை வீட்டில் எல்லோருக்கும் சொல்லி வையுங்கள்.

இதயத் தமனி ரிப்போர்ட்டில் இதே சொல் வந்தால் அளக்கும் முறை வேறு. அங்கே அடைப்புக்கு முன்னும் பின்னும் அழுத்தத்தை ஒரு மெல்லிய கம்பியால் அளந்து, விகிதம் 0.80 அல்லது அதற்குக் கீழே இருந்தால் ஓட்டத்தைப் பாதிக்கிறது என்பார்கள். கழுத்துக் கணக்கை அங்கே கொண்டுபோய்ப் போட்டுப் பார்க்காதீர்கள்.

அப்புறம் அந்த டிஸ்சார்ஜ் சம்மரி. 'ஹீமோடைனமிக்கலி ஸ்டேபிள்' என்பது குழாயைப் பற்றிய பேச்சே இல்லை. அந்த நேரத்தில் ரத்த அழுத்தம், நாடித் துடிப்பு எல்லாம் சரியாக இருந்தன, உறுப்புகளுக்குப் போதுமான ரத்தம் போய்க்கொண்டிருந்தது என்பதுதான் பொருள். நோய் குணமாகிவிட்டது என்றும் அர்த்தமில்லை, அடைப்பு இல்லை என்றும் அர்த்தமில்லை. ஐ.சி.யூ. வாசலில் நிற்கும்போது "பேஷன்ட் ஸ்டேபிள்" என்று யாராவது சொன்னால், "அழுத்தத்தை உயர்த்தும் மருந்து ஓடிக்கொண்டிருக்கிறதா, இல்லாமலேயே ஸ்டேபிளா?" என்று கேட்டுக்கொள்ளுங்கள். இரண்டுக்கும் நடுவே பெரிய வித்தியாசம் இருக்கிறது, கேட்காதவரை யாரும் சொல்வதில்லை.

கடைசியாகத் தலைசுற்றல். எனக்கு எரிச்சல் வருவது இந்த இடத்தில்தான். ஒரு பக்கக் கரோட்டிடில் 40 சதவீதப் படிவு இருப்பதால் தலை சுற்றாது. மூளையின் அடியில் தமனிகள் ஒன்றோடொன்று வளையமாகச் சேர்ந்திருக்கின்றன. தாமஸ் வில்லிஸ் 17ஆம் நூற்றாண்டில் விவரித்ததால் அதற்கு வில்லிஸ் வளையம் என்று பெயர். ஒரு பக்கம் குறைந்தால் பெரும்பாலும் மறுபக்கம் ஈடுகட்டும். உங்கள் அப்பாவுக்கு எழுந்திருக்கும்போது சுற்றுகிறது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்படியென்றால் எல்லாவற்றுக்கும் முன்னால் செய்ய வேண்டியது, படுத்திருக்கும்போது ஒரு முறை பி.பி. பார்த்து, எழுந்து நின்ற பிறகு மூன்று நிமிடத்துக்குள் மறுபடி பார்ப்பது. மேல் எண் 20ஓ, கீழ் எண் 10ஓ குறைந்தால் நிற்கும்போது அழுத்தம் இறங்குகிறது என்று பொருள். பி.பி. மாத்திரை, புராஸ்டேட் மாத்திரை, தண்ணீர் குறைவாகக் குடிப்பது, நீண்ட நாள் சர்க்கரை நோய் என்று காரணங்கள் பல. ஸ்கேன் எழுதிக் கொடுக்க ஒரு கையெழுத்து போதும். கையில் பட்டையைச் சுற்றி இரண்டு தடவை பார்க்க ஐந்து நிமிடம் ஆகும். அந்த ஐந்து நிமிடம்தான் எங்கும் கிடைப்பதில்லை.

ஆகவே அப்பா சாப்பிடும் எல்லா மாத்திரைகளையும் ஒரு பையில் போட்டு எடுத்துக்கொண்டு அதே டாக்டரிடம் போங்கள். படுத்தும் நின்றும் பி.பி. பார்க்கச் சொல்லுங்கள். நீங்களாக எந்த மாத்திரையையும் நிறுத்த வேண்டாம். படிவு இருப்பதால் கொலஸ்ட்ராலுக்கு ஸ்டாட்டின் தேவையா என்று கேளுங்கள். பெரும்பாலும் தேவை என்பார். புகை பிடிப்பவராக இருந்தால் நிறுத்தியாக வேண்டும், சர்க்கரையையும் அழுத்தத்தையும் கட்டுக்குள் வைக்க வேண்டும். கழுத்து டாப்ளரை மறுபடி எப்போது எடுப்பது என்பதையும் அவரே சொல்லட்டும். இந்த அளவுப் படிவுக்கு வழக்கமாக ஓராண்டுக்கு முன் அவசியப்படாது. ஆஞ்சியோவுக்கு யாரிடமாவது முன்பணம் கொடுத்திருந்தால் இன்றைக்கே திருப்பிக் கேளுங்கள்.