கைக்கும் மாட்டின் முன்னங்காலுக்கும் 'முன், பின், உள், வெளி' என்ற சொற்கள் ஏன் போதவில்லை?

கால்நடை மருத்துவப் படிப்பின் முதலாண்டில் இருக்கும் ஒருவர் இந்தக் கேள்வியைக் கேட்டிருக்கிறார். மனிதக் கைக்கு 'ஆன்டீரியர், போஸ்டீரியர்', அதாவது முன்புறம், பின்புறம் என்று முன்பு கற்றதை அவர் மாட்டின் முன்னங்காலில் பொருத்திப் பார்த்திருக்கிறார். அங்கே 'கிரேனியல், காடல்' என்று தொடங்கிப் பாதி வழியில் 'டார்சல், பால்மர்' என்று பெயர் மாறுகிறது. குளம்புக்கு வந்ததும் 'ஆக்சியல், அபாக்சியல்' என்று இன்னொரு இணையும் சேர்ந்துகொள்கிறது. முன், பின், உள், வெளி என்ற நான்கு சொற்கள் போதாதா என்பது அவருடைய ஐயம்.

போதா. அவை தமிழ்ச் சொற்கள் என்பதால் அன்று. எந்த மொழியில் சொன்னாலும் அந்த நான்கும் கைக்குப் போதா. மார்பும் வயிறும் எப்போதும் ஒரே முகமாக இருக்க, கை மட்டும் திரும்பிக்கொண்டே இருக்கிறது. திரும்புகிற உறுப்புக்குத் திசை சொல்ல வேண்டுமானால், அந்தத் திசையின் பெயரும் உறுப்போடு சேர்ந்து திரும்ப வேண்டும். கையைப் பற்றிய கலைச்சொற்களில் பெரும்பாலானவை இந்த ஒரு தேவைக்காகப் பிறந்தவையே.

நான் வேலூரில் 20 ஆண்டுகளுக்கு மேலாகக் கைக்கான இயன்முறை சிகிச்சை அளித்து வருகிறேன். ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டைப் பக்கங்களில் தோல் தொழிலில் இருப்பவர்கள் கத்திக் காயத்தோடு வருவது எங்களுக்குப் பழக்கமானது. அப்படி வந்த ஒருவர் கையில், ஒரு சிறிய மருத்துவமனையில் எழுதிக் கொடுத்த சீட்டு இருந்தது. "வலது மணிக்கட்டு, உட்பக்கம் வெட்டுக்காயம், தையல் போடப்பட்டது" என்பதற்கு மேல் அதில் ஒன்றும் இல்லை. காயத்தின் மேலோ பெரிய கட்டு. உட்பக்கம் என்றதும் உள்ளங்கைப் பக்கம் என்று எடுத்துக்கொண்ட நான், மணிக்கட்டின் நடுவே ஓடும் மீடியன் நரம்பு அறுபட்டிருக்குமோ என்ற எண்ணத்தில் அவருடைய கட்டைவிரலையும் ஆள்காட்டிவிரலையும் வெகுநேரம் சோதித்துக்கொண்டிருந்தேன். கடைசியில் அவரே, "சுண்டுவிரலுதான் சார் மரத்துப்போவுது" என்றார். சீட்டு எழுதியவர் உட்பக்கம் என்று சொன்னது உடலை ஒட்டியிருக்கும் பக்கத்தை, அதாவது சுண்டுவிரல் பக்கத்தை. அங்கே ஓடுவது அல்னார் நரம்பு. நோயாளியை முதலில் கேட்காதது என் பிழை, அதைச் சீட்டின் மேல் போட மாட்டேன். ஆனால் இருவரும் சரியான தமிழில்தான் பேசினோம், இருவருக்கும் 'உள்' என்பது வேறு வேறு பக்கமாக இருந்தது.

'உள்' மட்டுமன்று, மற்றவையும் அப்படித்தான். முன்கை என்று நாம் சொல்வது முழங்கைக்கும் மணிக்கட்டுக்கும் இடைப்பட்ட பகுதியை. அதன் 'முன்புறம்' எது என்று கேட்டால், ஒருவர் மணிக்கட்டைக் காட்டுவார், இன்னொருவர் நாடி பார்க்கும் பக்கத்தைக் காட்டுவார். 'கையின் மேலே காயம்' என்றால் புறங்கையிலா, தோளை நோக்கியா? போதாக்குறைக்கு, 'கை' என்ற சொல்லே தோளிலிருந்து நகக்கண் வரை முழுவதையும் குறிப்பது. கை வலிக்கிறது என்று வருபவரிடம் எங்கே என்று விரல் வைத்துக் காட்டச் சொல்வதே எங்கள் முதல் வேலை.

இந்தக் குழப்பத்தைத் தீர்க்க உடற்கூற்றியல் செய்த முதல் ஏற்பாடு, எல்லோருக்கும் பொதுவாக ஒரு நிலையைத் தீர்மானித்தது: மனிதன் நிமிர்ந்து நிற்கிறான், கைகள் உடலின் இருபுறமும் தொங்குகின்றன, உள்ளங்கைகள் முன்னோக்கி இருக்கின்றன. இதை நினைவில் வைக்க எளிய வழி கோயிலில் இருக்கிறது. அபயமும் வரதமும் காட்டி நிற்கும் நான்கு கை அம்மன் திருமேனியில், முன் வலக்கை விரல்களை மேல்நோக்கி அபயம் காட்டுகிறது. முன் இடக்கை விரல்களைக் கீழ்நோக்கி வரதம் காட்டுகிறது. அந்த இடக்கைதான் உடற்கூற்றியலின் நிலைக்கு நெருக்கமானது. இரண்டு உள்ளங்கைகளும் நம்மை நோக்கியே இருக்கின்றன. ஆனால் கட்டைவிரல்களைப் பாருங்கள்: வரதக் கையில் கட்டைவிரல் உடலை விட்டு வெளியே நிற்கிறது, அபயக் கையில் அது உடலின் நடுக்கோட்டை நோக்கித் திரும்பியிருக்கிறது, ஆகவே இரண்டுமே திருமேனியின் இடப்பக்கத்தையே பார்க்கின்றன. கட்டைவிரல் பக்கத்தை 'வெளிப்பக்கம்', அதாவது 'லேட்டரல்' என்று சொல்லிப் பழகியவருக்கு அபயக் கையில் அந்தச் சொல் கவிழ்ந்துவிடுகிறது. 'கட்டைவிரல் பக்கம்' என்று சொன்னவருக்கு எதுவும் கவிழவில்லை.

'ரேடியல்', 'அல்னார்' என்ற சொற்கள் செய்வது இதைத்தான். முன்கையில் இரண்டு எலும்புகள். கட்டைவிரல் பக்கம் இருப்பது ரேடியஸ், சுண்டுவிரல் பக்கம் இருப்பது அல்னா. ரேடியஸ் என்பதற்கு இலத்தீனில் சக்கரத்தின் ஆரக்கால் என்றும் ஒரு பொருள் உண்டு. நம் பாடநூல்கள் ஆரை எலும்பு என்று எழுதுவதும் அதனால்தான். பெயரின் காரணம் எதுவாயினும், அந்த எலும்புதான் உண்மையிலேயே சுழல்கிறது. உள்ளங்கை மேல்நோக்கி இருக்கும்போது இரண்டு எலும்புகளும் ஏறக்குறைய இணையாக இருக்கின்றன; கையைக் கவிழ்த்தால் ரேடியஸ் அல்னாவின் குறுக்கே ஏறி மறுபக்கம் போகிறது, கட்டைவிரலையும் தன்னோடு எடுத்துச் செல்கிறது. ஆகவே கை எப்படிக் கிடந்தாலும், நாடி பார்க்கும் இடம் ரேடியல் பக்கம்தான்.

நீளவாக்குத் திசைக்கு 'பிராக்சிமல், டிஸ்டல்'. இதற்குத் தமிழில் நல்ல சொற்கள் இருக்கின்றன, நீங்களும் பள்ளி உயிரியலில் சிறுநீரகத்தின் நுண்குழல்களைப் படித்தபோது அவற்றைப் பார்த்திருப்பீர்கள்: அண்மை, சேய்மை. உடலோடு ஒட்டும் இடத்துக்குக் கிட்டே இருப்பது அண்மை, தள்ளி இருப்பது சேய்மை. 'மேல், கீழ்' என்பதைவிட இது உயர்ந்தது, ஏனெனில் கையைத் தலைக்கு மேல் தூக்கினாலும் விரல் நுனி சேய்மையிலேயே இருக்கிறது. டப்ளின் நகரத்து அறுவை மருத்துவர் ஆபிரகாம் காலிஸ் 1814இல் விவரித்த எலும்பு முறிவை, எக்ஸ்ரே கண்டுபிடிக்கப்படுவதற்கு 81 ஆண்டுகள் முன்பு எழுதப்பட்டதாயினும், இன்றும் இரண்டு திசைச் சொற்களில் அடக்கிவிடலாம்: ரேடியஸின் சேய்மை முனை முறிந்து, முறிந்த துண்டு புறங்கைப் பக்கம் விலகியிருக்கிறது. வண்டியிலிருந்து கையை ஊன்றி விழுபவர்களிடம் அடிக்கடி காண்பது அதுவே. துண்டு உள்ளங்கைப் பக்கம் விலகினால் அதற்குப் பெயரும் வேறு, வைத்தியமும் வேறு.

உள்ளங்கைப் பக்கத்துக்கு 'பால்மர்' என்றும், அறுவை மருத்துவர்கள் வழக்கில் 'வோலார்' என்றும் சொல்கிறார்கள். புறங்கைப் பக்கத்துக்கு 'டார்சல்'. இந்த இணைக்குத் தமிழ் கடன்பட வேண்டியதே இல்லை என்பது என் கருத்து. உள்ளங்கை, புறங்கை, உள்ளங்கால், புறங்கால் என்று கைக்கும் காலுக்கும் ஒரே ஒழுங்கில் நாம் முன்பே பெயர் வைத்திருக்கிறோம். மேலும், 'டார்சல்' என்று தமிழில் எழுதினால் அது முதுகுப்பக்கத்தைக் குறிக்கும் சொல்லா, கணுக்கால் எலும்புகளைக் குறிக்கும் சொல்லா என்று தெரியாது. இரண்டும் எழுத்தில் ஒன்றாகிவிடுகின்றன. காலைப் பற்றிய ஒரு குறிப்பில் இது விளைவிக்கக்கூடிய குழப்பத்தை நீங்களே எண்ணிப் பாருங்கள்.

இந்த இணை எவ்வளவு முக்கியமானது என்பதற்கு வேலூரிலேயே ஒரு வரலாறு இருக்கிறது. 1946இல் இங்குள்ள கிறித்துவ மருத்துவக் கல்லூரிக்கு வந்த பால் பிராண்ட், 1940களின் இறுதியில், தொழுநோயால் மடங்கிப்போன விரல்களை அறுவைச் சிகிச்சையால் நிமிர்த்தத் தொடங்கினார். தொழுநோய் அல்னார் நரம்பைத் தாக்கும்போது, விரல்களின் அடிமூட்டு பின்னோக்கி வளைந்து, நடு மூட்டும் நுனி மூட்டும் மடங்கி, கை ஒரு பறவையின் வளைந்த நகம் போல ஆகிவிடுகிறது. செயல்படும் ஒரு தசையின் நாணை எடுத்து விரல்களுக்குக் கொண்டுசெல்வதே வைத்தியம். அந்த நாண் அடிமூட்டின் அச்சுக்கு உள்ளங்கைப் பக்கமாகச் சென்றால் மூட்டு மடங்கும், விரல் பயன்படும். புறங்கைப் பக்கமாகச் சென்றால் மூட்டு மேலும் பின்னோக்கி வளையும், அதாவது எந்தக் குறையைத் தீர்க்கப் போனோமோ அதே குறை முற்றும். எலும்புக்கு எந்தப் பக்கம் என்ற ஒரு சொல்லில் நிற்கிறது அந்த வேலை முழுவதும்.

விரல்களைப் பற்றிச் சுருக்கமாக ஒன்று. எண் சொல்லாதீர்கள், பெயர் சொல்லுங்கள். 'இரண்டாவது விரல்' என்பது ஒருவருக்கு ஆள்காட்டிவிரல், கட்டைவிரலை விரலாகவே எண்ணாதவருக்கு நடுவிரல்.

இனி உங்கள் மாட்டுக்கு வருகிறேன். என் தந்தையார் அணைக்கட்டுப் பக்கம் உழவு மாடு வைத்திருந்தவர், ஆகவே இந்தப் பகுதியில் எனக்குக் கொஞ்சம் சொந்தமும் உண்டு. முதலில் தரையில் மண்டியிட்டு, இரண்டு உள்ளங்கைகளையும் விரல்கள் முன்னோக்கி இருக்கும்படி ஊன்றிக்கொள்ளுங்கள். கட்டைவிரல்கள் இரண்டும் ஒன்றையொன்று பார்க்கும், புறங்கை மேலே தெரியும். மாடு எப்போதும் இந்த நிலையில்தான் நிற்கிறது. வளர்ந்த மாட்டில் ரேடியஸும் அல்னாவும் ஒட்டிப்போயிருப்பதால், அது கையை மல்லாத்தவும் முடியாது. மனிதனின் கட்டைவிரல் பக்கம் பாடநூல்படி வெளிப்பக்கம். நாற்கால் விலங்கில் அதே பக்கம் உட்பக்கம். மாட்டுக்குக் கட்டைவிரல் இல்லை, ஆனால் தெருநாயின் முன்னங்காலைப் பாருங்கள். உட்பக்கத்தில், தரையைத் தொடாமல், சற்று மேலே தொங்கும் சிறிய விரல்தான் அதன் கட்டைவிரல்.

அதேபோல, மனிதக் கையின் 'முன்புறம்' என்பது உள்ளங்கை. மாட்டின் முன்னங்காலில் முன்னால் தெரிவதோ புறங்கை. 'ஆன்டீரியர்' என்ற ஒரே சொல்லை இரண்டுக்கும் வைத்தால், ஒன்றுக்கொன்று நேர் எதிரான இரண்டு பரப்புகளுக்கு ஒரே பெயராகிவிடும். அதனால்தான் கால்நடை உடற்கூற்றியல் அந்தச் சொல்லைக் காலில் இருந்து விலக்கி, தலையை நோக்கிய பக்கத்துக்குக் கிரேனியல், வாலை நோக்கிய பக்கத்துக்குக் காடல் என்று வைத்துக்கொண்டது. மனிதனுக்கான பெயர்ப் பட்டியல் 1895இல் பாசல் நகரில் ஒழுங்கு செய்யப்பட்டது. விலங்குகளுக்கான தனிப்பட்ட பட்டியல் 1968இல் வெளியானது. இரண்டு துறைகளும் ஒரே சொல்லில் பேசாததற்கு அலட்சியம் காரணமன்று.

பாதி வழியில் பெயர் மாறுவதற்கும் காரணம் இருக்கிறது. ஊரில் 'முன்னங்கால் முட்டி' என்று சொல்கிறோமே, மாடு படுக்கும்போது முதலில் மடக்கி ஊன்றும் அந்த இடம், முழங்காலே அன்று, அது மணிக்கட்டு. உண்மையான முழங்கை மார்பை ஒட்டி மேலே இருக்கிறது. ஆகவே 'முட்டி'க்குக் கீழே இருப்பது முழுவதும் மாட்டின் உள்ளங்கையும் விரலும். உள்ளங்கை என்று ஒன்று வந்துவிட்ட இடத்தில் பால்மர், டார்சல் என்று சொல்வதே தெளிவு. கரடி பாதத்தைத் தரையில் பரப்பி நிற்கிறது, மாடு விரல் நுனியில் நிற்கிறது. இரண்டிலும் 'தலையை நோக்கிய பக்கம்' வேறாகலாம், புறங்கை புறங்கையாகவே இருக்கும். பின்னங்காலில் பால்மருக்குப் பதில் பிளான்டர். உள்ளங்காலுக்குத் தனிச் சொல் வைத்திருக்கும் தமிழருக்கு இதில் வியப்பு இருக்காது.

ஆக்சியல், அபாக்சியல் என்ற இணையை எனக்கு விளக்கியவர் பேராசிரியர் எவரும் அல்லர், லாடம் அடிக்க வந்தவர்தான், அவர் அந்தப் பெயர்களைச் சொல்லவில்லை என்றாலும். மாட்டின் ஒரு பாதத்தில் இரண்டு குளம்புகள் இருப்பதால், ஒரு காலுக்கு இரண்டு என்று எட்டு லாடத் தகடுகள். ஆணிகளை ஒவ்வொரு குளம்பிலும் இடுக்குக்கு அப்பாற்பட்ட விளிம்பில்தான் அவர் அடிப்பார், ஏனெனில் அங்கேதான் குளம்பின் சுவர் தடிமனாக இருக்கிறது. இதை 'வெளிச்சுவர்' என்று சொன்னால் வெளிக்குளம்புக்குச் சரி. உட்குளம்பில் அதே தடித்த சுவர் மற்றக் காலைப் பார்த்துக்கொண்டு, உடலின் உட்பக்கமாக இருக்கிறது. பாதத்தின் நடு அச்சை, அதாவது இரண்டு குளம்புகளுக்கு இடைப்பட்ட கோட்டை, எல்லையாக வைத்துவிட்டால் சிக்கல் தீர்ந்தது: இடுக்கைப் பார்க்கும் சுவர் ஆக்சியல், இடுக்குக்கு அப்பால் இருப்பது அபாக்சியல். குதிரைக்கு ஒரே விரல் என்பதால் அச்சு அதன் ஊடாகவே செல்கிறது. மனிதக் கையிலும் விரல்களை விரிப்பதும் சேர்ப்பதும் உடலின் நடுக்கோட்டை வைத்து அளக்கப்படுவதில்லை, நடுவிரலை வைத்தே அளக்கப்படுகின்றன.

செவ்வாய்க்கிழமைகளில் பொய்கைச் சந்தையில் மாடு வாங்கி வருபவர், வழியில் அது நொண்டுவதைக் கண்டு மருத்துவரைத் தொலைபேசியில் அழைத்தால், "முன்னங்காலில் உள்ளே புண்" என்றுதான் சொல்வார். கோமாரியா, கல் குத்தியதா, கயிறு அறுத்ததா என்று மறுமுனையில் இருப்பவர் ஊகிக்க முடியாது. அப்போது நீங்கள் அவரிடம் இலத்தீன் கேட்க வேண்டாம். வலது முன்னங்காலா, முட்டிக்கு மேலா கீழா, முன்னால் தெரிகிறதா காலைத் தூக்கினால் தெரிகிறதா, குளம்பு என்றால் எந்தக் குளம்பு, இடுக்குப் பக்கமா மறுபக்கமா என்று வரிசையாகக் கேளுங்கள். அவர் சொல்லும் விடையை உங்கள் குறிப்பேட்டில் எழுதும்போது, ஒவ்வொன்றுக்கும் உரிய கலைச்சொல் தானாக வந்து உட்காரும்.