செட் டெகரேட்டர் ஆக நல்ல ரசனை இருந்தால் போதுமா?

போதாது. சில சமயம் அந்த ரசனையே இடைஞ்சலாக வந்து நிற்கும்.

இன்டீரியர் டிசைன் படித்திருக்கிறேன், வீட்டை அழகாக வைத்துக்கொள்வேன், சினிமாவிலோ டிவியிலோ செட் டெகரேட்டராக வரலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். அநேகமாக உங்கள் வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லோரும் "சினிமா செட் மாதிரி இருக்கே" என்று சொல்லியிருப்பார்கள். அதை நம்பி இருக்கிற வேலையை விட்டுவிடாதீர்கள் என்று சொல்லத்தான் உட்கார்ந்தேன். எழுத ஆரம்பித்தால் எங்கெங்கோ போவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

19 வருடமாக இந்த வேலையில் இருக்கிறேன். பெரும்பாலும் டிவி தொடர்கள், நடுவில் சில படங்கள், இப்போது வெப் சீரிஸ். பெரிய ஆள் ஒன்றும் இல்லை. என்னைவிட விவரம் தெரிந்தவர்கள் திருத்தினால் ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் இதே கேள்விக்கு எனக்கு முன்னால் ஒருவர் "செட்டை அலங்கரிப்பவர்" என்று இரண்டே சொல்லில் பதிலை முடித்திருக்கிறார். அதுதான் சுருக்கென்று தைத்தது.

ஆர்ட் டைரக்டர் இடத்தை வடிவமைக்கிறார். அவர் வரைந்தபடி சுவர், கதவு, ஜன்னல் எழும்புகின்றன. அதற்குப் பிறகு அந்தச் சுவர்களுக்குள் வருகிற கட்டில், திரைச்சீலை, விளக்கு, காலண்டர், அலமாரி மேல் இருக்கிற அட்டைப்பெட்டி, அந்தப் பெட்டி மேல் இருக்கிற தூசி எல்லாம் எங்கள் கணக்கு. நடிகர் கையில் எடுத்துப் பயன்படுத்துவது ப்ராப்பர்டி ஆட்களின் கணக்கு. சின்ன யூனிட்டில் இரண்டையும் ஒரே ஆள் பார்ப்பார், திட்டும் அவர் ஒருவருக்கே விழும்.

என் முதல் பாடத்தைச் சொல்கிறேன். சேர்ந்த புதிதில், தனியாக வாழும் ஒரு வயதானவரின் படுக்கையறையைத் தயார் செய்யச் சொன்னார்கள். படித்த திமிரில் நிறம் பார்த்து, அளவு பார்த்து, பத்திரிகைப் படம் போல வைத்திருந்தேன். என் சீனியர் அண்ணன் வந்து பார்த்தார். "நல்லா இருக்கு தம்பி. இவர் ராத்திரி கண்ணாடியை எங்க கழட்டி வைப்பாரு?" என்றார். எனக்குப் பதில் தெரியவில்லை. "பாத்ரூம் போக எழுந்தா கால் எதுல இடிக்கும்?" அதற்கும் தெரியவில்லை. அவர் ஒரு ஸ்டூலைக் கட்டில் பக்கம் காலால் தள்ளினார். தலையணையை எடுத்து நடுவில் ஒரு குத்து விட்டார். சுவரில் நான் நேராக மாட்டியிருந்த படத்தின் மேல்விளிம்புக்குப் பின்னால் ஒரு தக்கையைச் செருகி முன்பக்கம் சாய்த்தார். அது விளக்கு வெளிச்சம் கண்ணாடியில் அடிக்காமல் இருக்க என்பது அப்புறம்தான் தெரிந்தது. ஐந்து நிமிடத்தில் அந்த அறைக்கு ஆள் குடிவந்துவிட்டார்.

படித்தது வீண் என்று நான் சொல்லவில்லை. பிளான் படிக்கவும் அளவெடுக்கவும் அது உதவும். ஆனால் இன்டீரியர் டிசைனில் ஒருவர் இனிமேல் எப்படி வாழப்போகிறார் என்று யோசிப்பீர்கள். இங்கே, இல்லாத ஒருவர் இதுவரை எப்படி வாழ்ந்திருப்பார் என்று யோசிக்க வேண்டும். அவருடைய மோசமான ரசனையையும் நீங்கள்தான் தேடிக் கொண்டுவர வேண்டும்.

தினசரி வேலை என்னவென்றால், ஸ்கிரிப்டைப் பிரித்துக் காட்சிவாரியாகப் பட்டியல் போடுவது, வாடகைக்கு எது, வாங்குவது எது, செய்வது எது என்று முடிவு செய்வது, பேரம், வண்டி, சுமை. ஷூட்டிங் ஆட்கள் வருவதற்கு முன்னால் முடித்துவிட்டு, அவர்கள் வரும்போது அடுத்த செட்டுக்குப் போய்விட வேண்டும். வெள்ளைத் துணி கேமராவில் கண்ணைக் கூசும் என்று தேநீரில் முக்கி எடுப்போம். பளபளக்கிற பாத்திரத்துக்கு, பளபளப்பை மங்கவைக்கிற டல்லிங் ஸ்பிரே. கடிகாரத்தில் பேட்டரியைக் கழற்றிவிட்டு முள்ளைக் கையால்தான் வைப்போம். இல்லையென்றால் இரண்டு நிமிடக் காட்சிக்குள் மூன்று மணி நேரம் ஓடிவிடும். சுவரில் மாட்டுகிற ஓவியத்துக்குக்கூட வரைந்தவரின் அனுமதி வேண்டும். எல்லாம் முடிந்தபின் போட்டோ எடுத்து வைத்து, ஒரு வாரம் கழித்து அதே காட்சியின் மிச்சத்தை எடுக்கும்போது ஒவ்வொரு பொருளையும் அதே இடத்தில் வைக்க வேண்டும். இதற்கு நடுவில் லைட் ஆட்கள் உங்கள் சோபாவில் படுத்துத் தூங்குவார்கள்.

சரி, ஒரு இழுப்பறைக் கதை சொல்கிறேன். உண்மையில் இதைச் சொல்லத்தான் இவ்வளவும்.

சில வருடங்களுக்கு முன்னால் ஒரு சீரிஸ். கணவர் இறந்தபின் மனைவி அவர் அறைக்குள் முதல்முறையாகப் போகிற காட்சி. அந்த ஒரு அறைக்கு மூன்று வாரம் உழைத்தேன். கட்டிலின் தலைமாட்டுப் பலகையில் அவர் சாய்ந்து சாய்ந்து மங்கிய வட்டம். ஸ்விட்ச் போர்டைச் சுற்றி விரல் கறை. நாற்காலியின் ஒரு கைப்பிடி மட்டும் தேய்ந்திருக்கும், ஏனென்றால் அவர் ஒரு பக்கமாகச் சாய்ந்து உட்காருகிறவர் என்று நானாக முடிவு செய்துகொண்டேன். கேமராவில் தெரியாது என்றாலும் இழுப்பறைகளை நிரப்புவது என் வழக்கம். வார் அறுந்த கைக்கடிகாரம், எந்தப் பூட்டுக்கும் பொருந்தாத சாவிகள், காய்ந்த பேனா, மடித்த ரசீதுகள் என்று ஒரு பை தனியாகவே கட்டி வைத்திருந்தேன்.

மேசை வாடகைக் கிடங்கிலிருந்து விடியற்காலை 3 மணிக்குத்தான் வந்தது. 6 மணிக்கு ஷூட்டிங். அந்தப் பை வேறொரு வண்டியில் ஏறி வேறெங்கோ போய்விட்டது. ஸ்கிரிப்டில் அந்த அம்மா மேசைப் பக்கமே போவதில்லை. பரவாயில்லை என்று விட்டுவிட்டேன்.

டேக் ஓடுகிறது. அனுபவமுள்ள நடிகை. கட்டிலில் உட்கார்ந்தார், சுற்றிப் பார்த்தார், கையை நீட்டி மேசையின் மேல் இழுப்பறையை இழுத்தார். எனக்கு அடிவயிறு கலங்கிவிட்டது. உள்ளே ஒன்றுமே இல்லை. இல்லை, ஒன்று இருந்தது: கிடங்கின் நம்பர் ஸ்டிக்கர். கேமராமேன் மெதுவாக உள்ளே நகர்கிறார். நடிகை ஒரு கணம் பார்த்துவிட்டு, உள்ளங்கையை அந்த ஸ்டிக்கர் மேல் வைத்து அப்படியே அமர்ந்திருந்தார். வெகுநேரம்.

கட் சொன்னதும் செட்டே அமைதி. டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "காலியா வச்சது யார் ஐடியா?" என்றார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் தலையாட்டினேன். ஆமாம் என்றும் எடுத்துக்கொள்ளலாம், இல்லை என்றும் எடுத்துக்கொள்ளலாம், அப்படி ஒரு ஆட்டு. இன்னொரு டேக் போகலாம் என்றபோது அந்த அம்மா என்னைக் கிட்டே கூப்பிட்டு, யாருக்கும் கேட்காமல், "அந்த ஸ்டிக்கரைக் கிழிச்சிடுங்க தம்பி, கை மரத்துப்போச்சு" என்றார்.

வெளிவந்தபின் அந்த ஷாட்டைப் பற்றி எழுதாதவர்கள் இல்லை. ஒருவர் 'வெறுமையைத் தடவிப் பார்க்கும் கை' என்று நீளமாக ஒரு கட்டுரையே எழுதினார். இழுப்பறையைக் காலியாக விட்ட துணிச்சலைப் பாராட்டியிருந்தார். தலைமாட்டு வட்டம்? கைப்பிடி? ஒரு ஆள்கூடச் சொல்லவில்லை. இத்தனை வருடத்தில் வெளியாட்கள் கவனித்த என் ஒரே வேலை, நான் செய்யாமல் விட்ட வேலை.

நடிகரையோ டைரக்டரையோ குறை சொல்கிறேன் என்று யாரும் கிளம்ப வேண்டாம். அந்த அம்மா காப்பாற்றியது என் மானத்தை. கண்ணில் படாமல் இருப்பதுதானே உங்கள் வேலையின் வெற்றி என்றும் சிலர் வருவார்கள். தெரியும். தெரிந்தாலும் வலிக்கும்.

இந்த வலி புதிதும் இல்லை. ஹாலிவுட்டில் எம்ஜிஎம் ஸ்டூடியோவின் கலைத்துறைத் தலைவர் செட்ரிக் கிப்பன்ஸ், 11 ஆஸ்கர் வாங்கியவர், அந்தச் சிலையையே வடிவமைத்தவர் என்று சினிமா ஆர்வலர்களுக்குத் தெரியும். அதே ஸ்டூடியோவின் செட் டெகரேட்டர் எட்வின் வில்லிஸ் 8 ஆஸ்கர் வாங்கினார். எத்தனை பேருக்குத் தெரியும்? அங்கேயாவது விருதை இரண்டு பேருக்கும் சேர்த்துக் கொடுக்கிறார்கள். இத்தாலியின் செட் டெகரேட்டர் பிரான்செஸ்கா லோ ஸ்கியாவோ, செட்டை வடிவமைக்கிற தன் கணவர் தாந்தே ஃபெர்ரெத்தியுடன் சேர்ந்து மூன்று முறை வாங்கியிருக்கிறார். இங்கே எங்கள் பெயர் கடைசியில் ஓடும். அதுவும் ஓடத் தொடங்கும்போதே திரை சுருங்கி மூலைக்குப் போய், அடுத்த எபிசோடு வந்துவிடுகிறது.

இன்னொரு எரிச்சல், கணக்குப் பிரிவு. கேள்விக்குச் சம்பந்தமில்லை, இருந்தாலும் சொல்கிறேன். ஒரு வீட்டுக் காட்சிக்குத் தேய்ந்த துடைப்பம் தேவைப்பட்டது. புதிதை வாங்கித் தேய்த்தால் பொய் தெரியும். புதிய துடைப்பம் ஒன்று வாங்கி, அக்கம்பக்கத்தில் ஒரு வீட்டில் கொடுத்து, அவர்களுடைய பழையதைக் கேட்டு வாங்கி வந்தேன். கணக்குப் பார்ப்பவர் புதிய துடைப்பத்தின் பில்லைப் பார்த்துவிட்டு "இந்தப் பொருள் எங்கே?" என்றார். கொடுத்துவிட்டேன் என்றேன். "அப்போ செட்டில் இருக்கிற துடைப்பத்துக்குப் பில்?" நாற்பது நிமிடம் நின்றேன். கடைசியில் அந்தப் பணம் என் கையிலிருந்துதான் போனது. இப்படி எத்தனையோ!

எதிர்காலம் பற்றிக் கேட்டீர்கள். மாதச் சம்பளம் எதிர்பார்க்காதீர்கள். ஒரு வேலை முடிந்தால் அடுத்தது வருகிறவரை சும்மா இருக்க வேண்டும். டிவி தொடர் வருமானம் சீராக வரும், ஆனால் அதே சோபாவை வருடக்கணக்கில் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். முதுகு போகும், எனக்குப் போய்விட்டது. இதெல்லாம் படித்தும் வர வேண்டும் என்று தோன்றினால், போர்ட்ஃபோலியோவை ஓரமாக வைத்துவிட்டு யாரிடமாவது உதவியாளராகச் சேர்ந்து ஆறு மாதம் பொருள் சுமந்து பாருங்கள்.

போன வருடம் வேறொரு டைரக்டர் கூப்பிட்டார். அந்த இழுப்பறை ஷாட்டைப் பார்த்துத்தான் என்னைத் தேடியதாகச் சொன்னார். அவர் கதையிலும் ஒரு மேசை, அதே மாதிரி ஒரு காலி இழுப்பறை வேண்டுமாம். அதைத் தயார் செய்ய இரண்டு நாள் ஆகும் என்று ஷெட்யூலில் எழுதிக் கொடுத்தேன். ஏன் என்று யாரும் கேட்கவில்லை.