அழுகிற பிள்ளையை விட்டுவிட்டு வேலைக்குப் போவது எப்படி?

அம்பாசமுத்திரம் பக்கம் பால்வாடியில் 28 வருஷம் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்ட ஓய்வுபெற்ற டீச்சர் பதில் சொல்கிறார்.

பத்து மாதப் பையன். முன்பெல்லாம் யார் தூக்கினாலும் போவான். இப்போது நான் புறவாசலுக்குப் போனாலே வீறிடுகிறான். (பாளையங்கோட்டை)

கண்ணில் படாவிட்டாலும் அம்மா எங்கேயோ இருக்கிறாள் என்று இந்த வயதில்தான் புரிகிறது. திரும்பி வருவாள் என்பது இன்னும் புரியவில்லை. இந்தப் பிரிவுப் பயம் எட்டு மாத வாக்கில் தொடங்கும். ஒன்றரை வயது வரை கடுமையாக இருக்கும். மூன்று வயதுக்குள் பெரும்பாலும் தணியும். துண்டால் உங்கள் முகத்தை மூடித் திறந்து விளையாடுங்கள், மறைந்த அம்மா திரும்பி வருவாள் என்று பழகட்டும். "கைச்சூட்டில் வளர்த்துக் கெடுத்துட்டா" என்பவர்கள் சொல்லிவிட்டுப் போகட்டும்.

இரண்டரை வயது மகளைப் பால்வாடியில் விட்டுவிட்டு பீடிக்கடைக்குப் போக வேண்டும். அவள் விளையாடும்போது நைசாக நழுவிவிடச் சொல்கிறார் அத்தை. (முக்கூடல்)

அத்தையிடம் கோபப்படாதீர்கள், எல்லா வீட்டிலும் இந்த யோசனைதான். ஆனால் செய்யாதீர்கள். ஒரு பையனின் அம்மா அப்படித்தான் போனாள். மத்தியானம் வரை வாசலையே பார்த்துக்கொண்டிருந்தான், முட்டையைக்கூடத் தொடவில்லை. மறுநாள் அம்மாவின் சேலைத் தலைப்பை ஒரு கையில் சுற்றிக்கொண்டு, மறு கையால் சொப்பு விளையாடினான். எந்த நேரமும் அம்மா மாயமாகலாம் என்று தெரிந்துவிட்டதே, விளையாட்டில் எப்படி மனசு போகும்?

சொல்லிவிட்டே போங்கள். "ரெண்டு மணிக்கு வாரேன்" என்றால் பிள்ளைக்கு மணி தெரியாது. "சோறு தின்னு, பாயில தூங்கி எந்திச்சதும் வாரேன்" என்று சொல்லுங்கள். ஒரு முத்தம், ஒரு டாட்டா, அப்புறம் நடையைக் கட்டுங்கள். வாசலில் நின்று நீங்களும் கண் கலங்கினால், பயப்பட வேண்டிய இடம்தான் போல என்று அவள் நினைப்பாள். கடையில் தாமதமானால் அவளுக்குப் பழக்கமான ஒருவரை அனுப்புங்கள். முதல் வாரம் ஒரு மணி நேரம் மட்டும் விடுங்கள், பிறகு நேரத்தைக் கூட்டிக்கொள்ளலாம்.

மகள் சென்னையில் வேலை பார்க்கிறாள். நாலு வயதுப் பேரன் என்னிடம். போனில் அம்மா முகத்தைப் பார்த்தால் அழுகிறான். பேச விடாமல் இருக்கலாமா? (கல்லிடைக்குறிச்சி)

வேண்டாம் அக்கா. தினமும் ஒரே நேரத்தில் கொஞ்ச நேரம் பேசட்டும். தூங்கும்போது அவளுடைய பழைய சேலையை விரித்துப் போடுங்கள். துவைக்காதது என்றால் இன்னும் நல்லது. "உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்" என்ற கேலியை மட்டும் வீட்டில் யாரும் பேசக் கூடாது. நமக்கு அது சிரிப்பு, அவனுக்கு இல்லை.

ஏழு வயது. திங்கட்கிழமை ஆனால் வயிற்றுவலி என்கிறான். நடிப்பா? (மேலப்பாளையம்)

வலி நிஜம்தான், பயத்திலும் வயிறு வலிக்கும். பள்ளியில் யாராவது அடிக்கிறார்களா, மிரட்டுகிறார்களா என்று முதலில் விசாரியுங்கள். அப்படி எதுவும் இல்லை என்றால் வீட்டில் நிறுத்திக்கொள்ளாதீர்கள், பழகிவிடும். நாலு வாரம் தாண்டியும் தொடர்ந்தால் டாக்டரிடம் காட்டுங்கள். பாளையங்கோட்டை ஐகிரவுண்டு அரசு ஆஸ்பத்திரியில் மனநலப் பிரிவும் இருக்கிறது, கூச்சப்படாமல் போங்கள்.